உன் கையா, என் கையா

வேண்டுதல் என் குழந்தைக்காக. அதை வாய்விட்டுச் சொன்னவர் வேறொருவர். அப்படியென்றால் அதைத் தீர்க்க வேண்டியது யார்?

இந்தக் கேள்வியைக் கணவரிடம் கேட்டிருக்கிறேன். "நீ எதுலயும் சைன் பண்ணலையே, விடு" என்றார். போனில் அம்மாவிடம் கேட்டேன். "நம்ம சாமிக்கு மஞ்சத் துணியில ஒரு ரூபா முடிஞ்சு வை, சரியாப் போயிடும்" என்றாள். அம்மா சொன்னபடி முடிந்தும் வைத்தேன். சரியாகவில்லை. யாருடைய சாமிக்கு யார் முடிந்து வைப்பது என்று அதற்குப் பிறகு இன்னும் குழப்பமாகிவிட்டது.

டல்லாஸ் பக்கத்து ரிச்சர்ட்சனில் எங்கள் வீட்டுக்கு நேர் கீழ் வீட்டில் இருந்தவரைப் பற்றித்தான் சொல்கிறேன். நேபாளத்துக்காரர். அங்கே மலைகளில் வாழும் தாமாங் என்ற இனம். கணவர் ஒரு இந்திய ரெஸ்டாரண்டில் சமையல்காரர். அதற்கு முன்னால் டெல்லியில் பல வருடம் இருந்தவர்கள். அதனால் அவருக்கு இந்தி வரும். நான் பள்ளிக்கூட நாளில் இந்திப் பரீட்சை எழுதி சர்டிஃபிகேட் வாங்கியவள். "நீ ரேடியோவில செய்தி வாசிக்கிற மாதிரி பேசறே, பஹினி" என்று சிரிப்பார். பஹினி என்றால் தங்கை. நான் அவரை தீதி என்பேன், அக்கா என்று அர்த்தம். காம்ப்ளெக்ஸில் எல்லாருக்குமே அவர் தீதிதான். சொந்தப் பெயரும் எனக்குத் தெரியும். இங்கே எழுதவில்லை. கேட்காமல் எதையும் எடுப்பது அவருக்குப் பிடிக்காது.

அதுதான் அவர். எதையும் கேட்டுக்கொண்டுதான் தொடுவார்.

பார்க்கிங் லாட் ஓரத்தில் ஒரு மரம் உண்டு. இங்கே சீடர் என்பார்கள். குளிர்காலத்தில் அதன் மகரந்தம் பறந்து ஊரே தும்மும். முதல் தடவை அதன் கிளையை வளைத்து முகர்ந்துவிட்டு, "எங்க மலையில சாமிக்குப் புகை போடற மரம். இதுக்கு யார் விசா கொடுத்தாங்க?" என்றார். அதற்குப் பிறகு கொஞ்சம் தழை வேண்டுமென்றால் கீழே இறங்கி வருவார், மரத்தின் முன்னால் நின்று ஏதோ சொல்வார், காத்திருப்பார், அப்புறம்தான் கிள்ளுவார். எதிரே கார் நிறுத்த வருகிறவர்கள் ஒரு மாதிரி பார்ப்பார்கள்.

"மரம் பதில் சொல்லுமா தீதி?" என்று ஒருமுறை கேட்டேன்.

"சொல்லாது. நீ மட்டும் கேட்ட உடனே சொல்லிடறியா?"

உண்மைதான். மதியம் என்ன சமைக்கலாம் என்று யாராவது கேட்டால்கூட, "உங்களுக்கு எது சௌகரியமோ" என்று சொல்கிறவள் நான்.

வீட்டுக்குள் அந்தத் தழையைப் புகைத்தால் ஸ்மோக் அலாரம் அலறும். அதன் மேல் ஒரு பிளாஸ்டிக் ஷவர் கேப்பை மாட்டுவார். மாட்டுவதற்கு முன்னால் அதனிடமும் கேட்பார். அது மட்டும் விளையாட்டுக்கா, நிஜமாகவா என்று எனக்குக் கடைசிவரை புரியவில்லை.

என் மகளிடமும் அப்படித்தான். மற்ற ஆன்ட்டிகள் பார்த்த உடனே கன்னத்தைக் கிள்ளுவார்கள், பிடுங்கித் தூக்குவார்கள். தீதி எதிரே குந்தி உட்கார்ந்து இரண்டு கைகளையும் நீட்டிக் காட்டி, "வரட்டுமா?" என்பார். அவள் கை நீட்டினால்தான் தூக்குவார். திரும்பிக்கொண்டால், "இன்னைக்கு மேடம் பிஸி" என்று எழுந்து போய் பால்கனியில் சிகரெட் பற்ற வைப்பார். சிகரெட் நிறைய பிடிப்பார். சீட்டாட்டத்தில் கூசாமல் ஏமாற்றுவார். சாமியிடம் பேசுகிறவர் என்பதற்காக இவற்றையெல்லாம் மறைத்து எழுத வேண்டியதில்லை என்று நினைக்கிறேன்.

சாமியிடம் பேசுகிறவர் என்பது எனக்குத் தெரிய வந்தது லாண்டரி ரூமில். கணவரின் வெள்ளை ஏப்ரன்களை மடித்துக்கொண்டிருந்தார். திடீரென்று தோள் நடுங்க ஆரம்பித்தது. பிறகு கை, பிறகு உடம்பு முழுக்க. வலிப்பு என்று பயந்து 911 கூப்பிடப் போனை எடுக்க ஓடினேன். திரும்பி வருவதற்குள் அடங்கிவிட்டது. தரையில் விழுந்த ஏப்ரனைத் தட்டி மடித்துக்கொண்டே, "ஒண்ணுமில்லை, தாத்தா வந்துட்டுப் போறார்" என்றார்.

எங்கள் ஈரோடு பக்கம் சாமியாடிகள் உண்டு. அதனால் எனக்குச் சட்டென்று பிடிபட்டது. ஆனால் சாமியாடிக்குக் கோயில், நோன்பு, நாள் என்று எல்லாம் இருக்கும். இவருக்கு டிரையர் சுற்றிக்கொண்டிருக்கும்போது வந்தது.

அவர்கள் இனத்தில் இப்படிப்பட்டவரை போம்போ என்பார்களாம். செத்துப்போன ஒரு மூதாதை போம்போ, குடும்பத்தில் ஒருவரைப் பிடித்துக்கொள்வார். பெரும்பாலும் ஆணைத்தான். "என் தம்பிக்கு வரும்னு எல்லாரும் காத்துக்கிட்டு இருந்தாங்க. தாத்தா நேரா என் மேல வந்து உட்கார்ந்தார். பொம்பளைக்கு வராது, இது வேற ஏதோ பேய்னு அடிச்சுக்கூடப் பார்த்தாங்க. தாத்தா போகலை." கல்யாணம் முடிந்து டெல்லி போனால் விட்டுவிடும் என்று அவர் கணவர் நினைத்தார். அங்கேயும் வந்தது. "அமெரிக்கா வந்தா விட்டுடும்னு கடன் வாங்கி டிக்கெட் எடுத்தார், பாவம். தாத்தா டிக்கெட் இல்லாமலே வந்துட்டார்."

நோயாளிக்காக மேளம் எடுத்துத் தெய்வங்களை அழைப்பதை தீதி 'உட்காருவது' என்பார். அந்த மேளம் அவர் வீட்டு அலமாரியில் வேக்குவம் கிளீனருக்குப் பக்கத்தில் பெட்ஷீட் சுற்றி இருந்தது. இரண்டு பக்கமும் தோல், கீழே செதுக்கிய மரப்பிடி. அபார்ட்மெண்டில் அதை எங்கே அடிப்பது? ஆனாலும் டல்லாஸ் பக்கம் இருந்த நேபாளத்துக்காரர்கள் தேடி வருவார்கள், டாக்ஸி ஓட்டுகிறவர், கல்லூரி மாணவர்கள். முதுகு வலி என்று வந்த ஒருவருக்கு நெடுநேரம் உட்கார்ந்து பார்த்துவிட்டு, "ஒண்ணும் வரலை. டாக்டர்கிட்ட போ" என்று அனுப்பியதை நானே பார்த்தேன்.

அவருக்கு ஒரு சட்டம் இருந்தது. யார் கூப்பிட்டாலும் மறுக்கக் கூடாது. யாரும் கூப்பிடாமல் போகக் கூடாது.

என் மகளுக்கு இரண்டு வயது ஆகவில்லை. 'பால்', 'நிலா', 'நோ', 'பால்' என்று தமிழும் ஆங்கிலமுமாகப் பேச ஆரம்பித்திருந்தாள். இரண்டாவது 'பால்' பந்து. டெக்சாஸில் டொர்னாடோ சைரனை மாதத்தில் ஒரு புதன்கிழமை மதியம் ஒலிக்கவிட்டுச் சரிபார்ப்பார்கள். அந்தக் கம்பம் எங்கள் பார்க்கிங் லாட்டுக்குப் பின்னாலேயே இருக்கிறது. அன்றைக்குத்தான் அந்தப் புதன் என்பது எனக்கு மறந்துவிட்டது. காரின் டிக்கியிலிருந்து மளிகைப் பைகளை எடுப்பதற்காக அவளைப் புல்லில் இறக்கி விட்டேன், கம்பத்துக்கு அடியில். சைரன் கிளம்பியது. அவள் அழவில்லை. அழுதிருந்தால் தேவலை. விறைத்து நின்றாள். தூக்கியபோது மரக்கட்டை மாதிரி இருந்தாள்.

அன்றிலிருந்து பேச்சு நின்றுவிட்டது. ஒரு சொல்கூட இல்லை. கூப்பிட்டால் திரும்புவாள், பார்ப்பாள், அவ்வளவுதான். காது நன்றாக இருக்கிறது என்றார் டாக்டர். சில குழந்தைகள் இப்படி நிறுத்திவிட்டுத் திரும்ப ஆரம்பிப்பதுண்டு, கொஞ்ச நாள் பார்ப்போம், இல்லாவிட்டால் ஸ்பெஷலிஸ்டிடம் அனுப்பலாம் என்றார்.

தீதி இதையெல்லாம் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். மெயில் பாக்ஸ் அருகே என் இடுப்பில் குழந்தையைப் பார்ப்பார், முகத்தைத் திருப்பிக்கொள்வார். பேசாமல் போகிறாரே என்று எனக்கு வருத்தம்கூட. கடைசியில் நான்தான் கீழே இறங்கிப் போனேன்.

"தீதி, பாப்பாவைக் கொஞ்சம் பாருங்களேன்."

"கேக்கறியா, சும்மா சொல்றியா?"

"கேக்கறேன்."

"நீ கேக்கணும்னு நான் எத்தனை சிகரெட் பிடிச்சேன் தெரியுமா?" என்று எழுந்தார்.

கணவரிடம் சொல்லவில்லை. அவர் ஆபீஸில் இருக்கும் ஒரு மதியம் எங்கள் ஹாலிலேயே உட்கார்ந்தார். மேளம் அடித்தால் காம்ப்ளெக்ஸின் லீசிங் ஆபீஸுக்குக் கம்ப்ளெய்ன்ட் போகும். அதனால் என் கல்யாணச் சீரில் வந்த பித்தளைத் தாம்பாளத்தை என்னிடம் கேட்டார், பிறகு தாம்பாளத்திடமும் கேட்டார். வளைந்த குச்சியால் மெதுவாகத் தட்டிக்கொண்டே பாட ஆரம்பித்தார். தட்டில் அரிசி, மகளின் ஒரு கவுன், சீடர் புகை. பயத்தில் உயிரின் ஒரு பகுதி உடம்பை விட்டு நழுவி, பயந்த இடத்திலேயே நின்றுவிடுமாம். அதைத் தேடிப் போக வேண்டும். போகிற வழியை ஊர் ஊராகச் சொல்லிக்கொண்டே போக வேண்டும். பாட்டில் எனக்குப் புரியாத மலைப் பெயர்களாக வந்தன. அப்புறம் காட்மாண்டு, டெல்லி, டல்லாஸ் ஏர்போர்ட். அப்புறம் நான் தினமும் டிரைவ் பண்ணுகிற ரோடுகளின் பெயர்கள், ஒவ்வொன்றாக, எங்கள் பார்க்கிங் லாட் வரைக்கும். சிரிப்பு வர வேண்டிய இடம். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. மகள் தாம்பாளத்தையே பார்த்துக்கொண்டு என் மடியில் அசையாமல் இருந்தாள்.

பிறகு மூவரும் சைரன் கம்பத்துக்குப் போனோம். "உன் பாஷையில கூப்பிடு. அதுக்கு என் பாஷை தெரியாது" என்றார். நான் மகளின் பெயரைச் சொல்லி, "வாடா கண்ணு, வீட்டுக்குப் போலாம் வா" என்று கம்பத்தைப் பார்த்துக் கூப்பிட்டேன். யாராவது பார்க்கிறார்களா என்று ஒரு கண் வீடுகளின் மேல் இருந்தது. இப்போது அதை நினைத்தாலும் வெட்கமாக இருக்கிறது, கூப்பிட்டதற்காக இல்லை, பார்த்ததற்காக.

தீதி உடம்பு நடுங்கிக்கொண்டிருந்தது. பாட்டை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "சாமிங்க சேவல் கேக்கறாங்க. பாப்பா பேசினதும் கொடுக்கறேன்னு வாக்குச் சொல்லணும். உன் கையா, என் கையா?"

சேவல் எனக்குப் புதிதில்லை. எங்கள் குலதெய்வத்துக்கே கிடா வெட்டுகிறவர்கள் நாங்கள். வேறொன்று நெஞ்சில் குறுக்கே வந்தது. மகளுக்கு இன்னும் முதல் மொட்டை போடவில்லை. ஊருக்குப் போய்க் குலதெய்வம் கோயிலில் போட வேண்டும், லீவு கிடைக்காமல் தள்ளிக்கொண்டே போயிருந்தது. சொந்த சாமிக்கு முடி கொடுப்பதற்கு முன்னால் வேறொரு சாமிக்கு நான் வாக்குக் கொடுக்கலாமா? என் மாமியார், அத்தைக்குத் தெரிந்தால் என்ன சொல்வார்? கொடுக்க மாட்டேன் என்றால் குழந்தை என்ன ஆவாள்? இவ்வளவும் ஓடியது. வாயில் வந்தது இதுதான்:

"நீங்களே பார்த்துச் செய்யுங்க தீதி."

நம் வீடுகளில் ஐயரிடமும், சமையல்காரரிடமும், டாக்டரிடமும் சொல்வதுதானே இது. மரியாதைக்குச் சொல்வது. நான் சம்மதித்தேன் என்றும் இல்லை, மறுத்தேன் என்றும் இல்லை.

தீதி விடவில்லை. "நான் கேட்டது உன்னை. உன் கையா, என் கையா?"

"எனக்கென்ன தெரியும். நீங்க எப்படிச் செஞ்சாலும் சரி."

ஒரு கணம் என்னையே பார்த்தார். மரத்தின் முன்னால் நிற்பாரே, அதே மாதிரி. பிறகு அரிசியைத் தன் கையில் அள்ளி, மூடி, ஏதோ சொல்லிவிட்டு, கம்பத்தடியில் எறிந்தார். என் மகளின் மணிக்கட்டில் ஒரு நூல் கட்டினார். இன்னொன்றைத் தன் மணிக்கட்டில் கட்டிக்கொண்டார். அது எதற்கு என்று நான் கேட்கவில்லை. சடங்கில் ஒரு பகுதி என்று நினைத்தேன். நிஜமாகவே அப்படி நினைத்தேனா என்று சொல்லத் தெரியவில்லை.

கொஞ்ச நாள் கழித்து ரசம் சாதம் ஊட்டிக்கொண்டிருந்தேன். மகள் ஸ்பூனைத் தள்ளிவிட்டு, "நோ மோர்" என்றாள். நான் தட்டோடு தரையில் உட்கார்ந்து அழுதேன். "டாக்டர்தான் சொன்னாரே, தானா வந்துடும்னு" என்றார் கணவர். இருக்கலாம். எனக்குத் தெரியாது. இன்றைக்கும் தெரியாது. ஓடிப் போய் தீதியிடம் சொன்னேன். அவர் பெரிதாகச் சிரித்து, "முதல் வார்த்தையே உன்னை வேண்டாம்னு சொல்லியிருக்கா, புத்திசாலி" என்றார். சேவலைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

அப்புறம் ஊரிலிருந்து அத்தை வந்தார். அத்தையைப் பார்க்க வாரக் கடைசியில் ஆட்கள் வருவார்கள். அப்படி வீடு நிறைய ஆட்கள் இருந்த ஒரு சனிக்கிழமை கதவு தட்டப்பட்டது. தீதி. தலையில் புது முக்காடு, கையில் மூடிய அட்டைப்பெட்டி.

"பாப்பாவைக் கொஞ்சம் கீழே கூட்டிட்டு வரியா? சின்ன வேலைதான்."

பின்னாலிருந்து அத்தை, "யாரும்மா அது?" என்றார்.

"கீழ் வீட்டு அக்கா, அத்தை." நான் கதவைச் சற்றே சாத்திக்கொண்டேன். "இன்னைக்கு ஆளுங்க இருக்காங்க தீதி. இன்னொரு நாள் கட்டாயமா வரோம்."

"என்னைக்குன்னு சொல்லு" என்றார்.

"சொல்றேன் தீதி."

பெட்டிக்குள் ஏதோ பிறாண்டியது. பிறாண்டியதா, இல்லை எல்லாம் தெரிந்த பிறகு நானே சேர்த்துக்கொண்டதா? மகளுக்கு ஏதோ பொம்மை கொண்டுவந்திருக்கிறார் என்றுதான் அப்போது நினைத்தேன். 'இன்னொரு நாள்' என்பது நம்மிடையே விடை கொடுக்கிற பேச்சு. அவருக்கு அது நான் சொல்லப்போகிற ஒரு நாள். கூப்பிடாமல் வராதவர் அந்த நாளுக்காகக் காத்திருந்திருக்கிறார். மாடிப்படியில் பார்க்கும்போதெல்லாம் என் முகத்தைப் பார்ப்பார். நான், "சௌக்கியமா தீதி" என்று கேட்டுவிட்டு ஏறிவிடுவேன். தீதியின் கணவருக்கு ஹூஸ்டன் பக்கம் வேலை கிடைத்து அவர்கள் காலி செய்தபோது, நான் தேங்காய் சாதம் கட்டிக் கொடுத்தேன். வாங்கிக்கொண்டார். அவர் மணிக்கட்டில் அந்த நூல் அழுக்கேறி அப்படியே இருந்தது.

போன வருடம் ஹூஸ்டனை ஒட்டிய கேட்டி என்ற ஊரில் ஒரு சிநேகிதி வீட்டு கிரகப்பிரவேசத்துக்குப் போனோம். சாப்பாடு கொண்டுவந்த ரெஸ்டாரண்ட் ஆட்களில் தீதியின் கணவரும் இருந்தார். என் மகள் ஓயாமல் ஆங்கிலத்தில் பேசிக்கொண்டு ஓடுவதைப் பார்த்து அவர் முகம் மலர்ந்தது.

"தீதி எங்கே அண்ணா?"

"ஊருக்கே போயிட்டா. அங்கேயும் உட்காரறதில்லை. மலை ஏறி வந்து கூப்பிடறாங்க. முடியாதுன்னு அனுப்பறா."

"தீதியா? யார் கூப்பிட்டாலும் போவாங்களே?"

பனீர் டிரேயின் கீழே நெருப்பைச் சரிசெய்துகொண்டே, சாதாரணமாகத்தான் சொன்னார். "உங்க பாப்பாவுக்குச் சொன்ன வாக்கு அவ கையில இருக்கே. அது தீராம இன்னொண்ணு எடுக்கக் கூடாது. சொன்ன இடத்துலயே, பாப்பா கை பட்டுத் தீர்க்கணும். நான்தான் சேவலை ஒரு பண்ணையில வாங்கி வந்தேன். இன்னொரு நாள்னு சொன்னீங்களாம்."

"ஒரு வார்த்தை ஞாபகப்படுத்தியிருக்கலாமே அண்ணா?"

"நானும் அதைத்தான் சொன்னேன். ஒரு தடவை கேட்டாச்சு, இனி அவதான் சொல்லணும்னுட்டா."

"அவங்களுக்குப் பதிலா நான் கொடுத்தா தீருமா?"

"எனக்கு எப்படித் தெரியும்? நான் சமையல்காரன். சேவலை மசாலாவோட சேர்த்துத்தான் தெரியும்." சிரித்துவிட்டு, என் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டார். "எழுதிக் கேக்கறேன், பஹினி" என்றார்.

எழுதினார். போன் இல்லாத அந்த மலைக்குக் கடிதம் போய், தீதிக்கு ஒருவர் படித்துக் காட்டி, பதில் எழுதிக் கீழே வர வேண்டும். இன்னும் வரவில்லை.

இப்போது என் கணவருக்கு வேலை போய்விட்டது. டெலிகாம் கம்பெனிகள் இருக்கும் இந்தப் பகுதியில் வீட்டுக்கு வீடு இதே கதைதான், அதை நான் சேவலோடு சேர்த்துப் பார்க்கவில்லை, பார்க்காமல் இருக்க முயற்சி செய்கிறேன். விசா இல்லாமல் இங்கே இருக்க முடியாது. இந்த மாதக் கடைசியில் கோயம்புத்தூர் திரும்புகிறோம். மொட்டைக்கு நாள் குறித்தாகிவிட்டது. என் சாமிக்குக் கொடுக்க வேண்டியதைக் கொடுத்துவிடுவேன். ஆனால் அந்த வாக்கு சொல்லப்பட்ட மண் இங்கே இருக்கிறது. நான் விமானம் ஏறிவிட்டால் அது அவர் கையிலேயே தங்கிவிடும். எங்கோ ஒரு மலையில், பேச்சு நின்றுபோன ஏதோ ஒரு குழந்தையைத் தூக்கிக்கொண்டு இன்னொருத்தி ஏறி வருவாள். தீதி முடியாது என்பார். பெட்டிகளுக்கு டேப் ஒட்டும்போதெல்லாம் அவள் முகம்தான் எனக்குத் தெரிகிறது, நான் பார்த்தே இராத முகம்.

"பார்க்கிங் லாட்ல சேவல் அறுத்தா போலீஸ் வரும்மா" என்கிறார் கணவர். சரிதான். பண்ணைக்குப் போன் செய்து விசாரித்து வைத்திருக்கிறேன், சேவல் கிடைக்கும். மகளைக் கம்பத்தடிக்குக் கூட்டிப் போய், அவள் கையைச் சேவல் மேல் வைத்து, தீதியின் பெயரைச் சொல்லிக் கொடுக்கலாம் என்று நினைக்கிறேன். அறுக்காமல் பண்ணையிலேயே திரும்ப விட்டால் ஏற்குமா? ஒருவர் எடுத்த வாக்கை இன்னொருவர் கை தீர்க்குமா? இல்லை, கேட்காமல் அவருடையதை நான் எடுத்ததாகிவிடுமா?

இதைப் படிக்கிறவர்களில் வேண்டுதலைக் கைமாற்றித் தீர்த்தவர்கள் இருப்பீர்கள். நேபாளத்து ஆட்களோடு பழகியவர்களும் இருக்கலாம். "நீங்களே பார்த்து ஏதாவது சொல்லுங்கள்" என்று முடித்திருந்தேன். படித்துப் பார்த்துவிட்டு அந்த வரியை அடித்துவிட்டேன். அதற்குப் பதிலாக இப்படிக் கேட்கிறேன்: என் கையால் செய்வது என்று முடிவு செய்துவிட்டேன். எப்படிச் செய்தால் அவர் கை விடுபடும், அதை மட்டும் சொல்லுங்கள்.